பகுதி வேறாக இருந்தால்

நேயர்களுக்கு வணக்கம். பின்னக் கணக்கு படிக்கிறவர்களும், வீட்டில் உட்கார்ந்து சொல்லிக் கொடுக்கிறவர்களும் ஒரு தாளும் பென்சிலும் பக்கத்தில் வைத்துக்கொண்டால் நல்லது.

அரையும் மூன்றில் ஒன்றும் சேர்ந்தால் எவ்வளவு? மேலே இருக்கும் ஒன்றையும் ஒன்றையும் கூட்டி இரண்டு, கீழே இருக்கும் இரண்டையும் மூன்றையும் கூட்டி ஐந்து. ஆக, ஐந்தில் இரண்டு என்று எழுதிவிடுகிற பிள்ளைகள் நிறைய. அதைத் தப்பு என்று அடிப்பதற்கு முன் ஒன்று கேளுங்கள்: ஐந்தில் இரண்டு, அரையைவிடப் பெரியதா, சின்னதா? சின்னது. அரையோடு இன்னும் கொஞ்சம் சேர்த்த பிறகு அது அரையைவிடக் குறையுமா? இந்தக் கேள்வி மனதில் விழுந்தால், எழுதிய பிள்ளையே அந்த விடையை அழித்துவிடும்.

பின்னத்தில் கீழே இருக்கும் எண், அதாவது பகுதி, துண்டின் அளவைச் சொல்கிறது. மேலே இருக்கும் தொகுதி, அப்படி எத்தனை துண்டு என்று சொல்கிறது. அளவு ஒன்றாக இருந்தால்தான் எண்ணிக் கூட்ட முடியும். கடிகாரத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். அரை மணி என்பது 30 நிமிடம். ஒரு மணியில் மூன்றில் ஒரு பங்கு 20 நிமிடம். சேர்த்தால் 50 நிமிடம், அதாவது ஒரு மணியில் ஆறில் ஐந்து. வேறு வேறு அளவில் இருந்த இரண்டையும் நிமிடமாக்கிக்கொண்டோம், அவ்வளவுதான்.

சரி, பொதுப் பகுதியை எப்படிப் பிடிப்பது? இரண்டு பகுதிகளையும் பெருக்கிவிட்டால் எப்போதும் ஒரு பொதுப் பகுதி கிடைக்கும். கி.பி. 628-இல் இந்தியக் கணித அறிஞர் பிரம்மகுப்தர் எழுதி வைத்ததே இந்த வழிதான். ஆனால் பன்னிரண்டில் ஐந்தோடு பதினெட்டில் ஏழைக் கூட்டும்போது 216 வந்து நிற்கும். 90-உம் 84-உம் சேர்ந்து 174, அப்புறம் அதைச் சுருக்க வேண்டும். மீச்சிறு பொது மடங்கு, அதாவது 12-ஆலும் 18-ஆலும் மீதியில்லாமல் வகுபடும் மிகச் சிறிய எண், 36. அதில் 15-உம் 14-உம் சேர்ந்து 29. விடை முப்பத்தாறில் இருபத்தொன்பது, சுருக்கவும் வேண்டாம். பெருக்கும் வழி தவறில்லை. பெரிய எண்களில் கை தவறுவதுதான் சிக்கல்.

கழித்தலில்தான் நான் அதிக நேரம் செலவிடச் சொல்வேன். மூன்றே காலிலிருந்து, ஒன்றும் ஆறில் ஐந்தும் சேர்ந்த எண்ணைக் கழிக்க வேண்டும். பொதுப் பகுதி 12. கால் என்பது பன்னிரண்டில் 3. ஆறில் ஐந்து என்பது பன்னிரண்டில் 10. மூன்றிலிருந்து பத்து போகாது, கடன் வாங்க வேண்டும். முழு எண் கழித்த பழக்கத்தில் பலர் அந்த 3-ஐ 13 ஆக்கிவிடுகிறார்கள். இங்கே கடன் வாங்கிய ஒன்று பத்து அல்ல, 12 துண்டு. 3-உம் 12-உம் 15. அதில் 10 போக 5. முழு எண்ணில் மீதி இருக்கும் இரண்டில் ஒன்று போக ஒன்று. ஆக விடை, ஒன்றும் பன்னிரண்டில் ஐந்தும்.

சரிபார்க்கவும் வழி இருக்கிறது. கழிக்க வேண்டிய எண் இரண்டுக்கு ஆறில் ஒன்றுதான் குறைவு. மூன்றே காலில் இரண்டைக் கழித்தால் ஒன்றேகால். கூடுதலாகக் கழித்த ஆறில் ஒன்றைத் திரும்பச் சேர்த்தால் அதே விடை. கடன் வாங்கும் வேலையே இல்லாத இந்த வழியையும் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள்.

இனி நீங்கள் செய்யுங்கள். ஐந்தேகாலிலிருந்து, இரண்டும் பத்தில் ஏழும் சேர்ந்த எண்ணைக் கழிக்க வேண்டும். பொதுப் பகுதி 20. விடை இரண்டரைக்குக் கொஞ்சம் மேலே வரும்.