டெரிக் 281 எபிசோடும் ஒரே ஆள் எழுதினதுதான்!

வணக்கம் மக்களே! போன வீடியோ கமெண்ட்ல திரும்பத் திரும்ப ஒரே விஷயம்: "டெரிக்குக்கு ஒரு ரைட்டர்ஸ் டீம் இருந்திருக்கும்." டெரிக்னா, அதே பேருள்ள போலீஸ் டிடெக்டிவ் துப்பறியற ஜெர்மன் டிவி க்ரைம் சீரியல். டீமா? இல்லவே இல்லைங்க! 281 எபிசோடும் ஹெர்பெர்ட் ரைனெக்கர் ஒருத்தரே எழுதினது. 1974 அக்டோபர்ல ஆரம்பிச்சு 1998 அக்டோபர்ல முடியுது. வகுத்துப் பாருங்க, வருஷத்துக்கு கிட்டத்தட்ட 12 ஸ்கிரிப்ட், ஒவ்வொண்ணும் ஒரு மணி நேரம். அதுக்கு முன்னாடி வந்த இன்னொரு போலீஸ் சீரியல் 'டெர் கொமிஸார்' 97 எபிசோடும் இவரேதான். 1976 ஜனவரி வரைக்கும் ரெண்டு சீரியலும் ஒரே சமயத்துல ஓடுச்சு! மொத்தம் 378. திரும்பச் சொல்றேன், 378!

டெரிக்கோட முதல் எபிசோட் 'வால்ட்வேக்'. கொலைகாரன் ஒரு வாத்தியார்னு நமக்கு ஆரம்பத்துலயே தெரிஞ்சிடும், டெரிக்குக்குத்தான் தெரியாது. இப்படி எழுதினா என்ன சிக்கல்னா, 'யாரு'ங்கிற கேள்வியே போயிடும். எங்க வாய் தவறுவான், எங்க முகம் மாறும்னு சீனுக்கு சீன் ஒரு பிடி வைக்கணும். நடிகர் சொதப்பினா எபிசோடே படுத்துடும். அந்த வாத்தியாரா வர்ற வோல்ஃப்காங் கீலிங் அதுல பின்னியிருப்பார். ஆனா கொலைகாரனை நாங்களும் சேர்ந்து தேடணும்னு ஜெர்மன் ஆடியன்ஸ் எதிர்பார்த்தாங்க, அதனால பிற்பாடு வழக்கமான ரூட்டுக்கே மாத்திட்டாங்க. எனக்கு அந்த முதல் ஸ்டைல்தான் உசுரு.

90கள் எபிசோடு எனக்கு ஆகவே ஆகாது. துப்பறியறது குறைஞ்சு, உட்கார்ந்து குற்றம், நீதின்னு பேசிட்டே இருப்பாங்க. "அவ செத்துட்டா." "செத்துட்டாளா?" "ஆமா, செத்துட்டா." இந்த மாதிரி ஒருத்தர் சொன்னதையே இன்னொருத்தர் திருப்பிச் சொல்லிட்டு இருப்பார். கதை நகரவே நகராது.

அட, டெரிக்கோட உதவியாளர் ஹாரி க்ளைனை விட்டுட்டேனே! அந்தக் கேரக்டர் டெரிக்ல பிறந்தது இல்லை. 'டெர் கொமிஸார்'ல ஃப்ரிட்ஸ் வெப்பர் பண்ணின அதே ஹாரியை ரைனெக்கர் அப்படியே டெரிக்குக்குத் தூக்கிட்டு வந்தார். புதுசா அறிமுகப்படுத்துற வேலையே மிச்சம். அங்க காலியான இடத்துக்கு வெப்பரோட தம்பி எல்மார் வந்தார்.

இன்னொண்ணையும் மறைக்காம பேசணும். நாஜி காலத்துல ரைனெக்கர் ஹிட்லர் இளைஞர் பத்திரிகைகள்ல வேலை பார்த்தவர், நாஜிகளோட எஸ்எஸ் அமைப்பின் போர்ப் படையான வாஃபன் எஸ்எஸ்ல போர் நிருபர். 1944ல வந்த 'யுங்கே ஆட்லர்'ங்கிற பிரச்சாரப் படத்தை டைரக்டர் ஆல்ஃப்ரெட் வைடன்மான்கூட சேர்ந்து எழுதினார். போர் முடிஞ்சு 1954ல அதே கூட்டணி 'கனாரிஸ்'ங்கிற படம் எடுத்தாங்க. பிற்பாடு டெரிக் எபிசோடுகளையும் வைடன்மான் இயக்கினார். டெரிக்கா நடிச்ச டாப்பெர்ட்டும் வாஃபன் எஸ்எஸ்ல இருந்தவர்ங்கிற விவகாரம் 2013ல வெளிய வந்தப்போ எல்லாரும் அதையே பேசினாங்க, ஆனா எழுதினவரோட பழைய கதையும் அதே அளவு பேசப்படணும்.

டெரிக் பார்க்கணும்னா 1974, 75 எபிசோடுகள்ல ஆரம்பிங்க. 'டெர் கொமிஸார்' பார்க்கப் போனா, அது முழுக்க கருப்பு வெள்ளை. மேற்கு ஜெர்மனியில 1967லயே கலர் டிவி வந்தாச்சு, இதைத் தெரிஞ்சேதான் அப்படி எடுத்தாங்க. பிரிண்ட் மோசம்னு நினைச்சு மூடிடாதீங்க!