பத்திரம் இருக்கிறது, சாட்சி எங்கே?

நேயர்களுக்கு வணக்கம்.

சொத்து வழக்கென்று வருகிறவர்களில் பலர் பத்திரத்தை நீட்டி, "ரிஜிஸ்டர் ஆன பத்திரம் சார், இதுக்கு மேல என்ன வேணும்?" என்று கேட்பார்கள். பத்திரத்தைச் சான்றாவணமாகக் குறியீடு செய்வது, அதாவது நீதிமன்றத்தில் எண்ணிட்டுச் சேர்ப்பது வேறு, அது நிரூபணமாவது வேறு. எதிர்த்தரப்பு மறுத்துவிட்டால், எழுதிக்கொடுத்தவர்தான் கையெழுத்துப் போட்டார் என்று ஆள் வைத்துச் சொல்லியாகவேண்டும். எந்த ஆள் என்பதில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள்.

கிரயப் பத்திரத்தில் இரண்டு பேர் சாட்சிக் கையெழுத்துப் போடுவது வழக்கம்தானே தவிர, சொத்துரிமை மாற்றுச் சட்டம் அதைக் கட்டாயமாக்கவில்லை. கையெழுத்தை நேரில் பார்த்த யாரும், பத்திர எழுத்தர் உட்பட, வந்து சொல்லலாம். தான செட்டில்மெண்ட் (பணம் வாங்காமல் எழுதிக்கொடுப்பது), எழுதிப் பதிவு செய்த அடமானம், உயில் ஆகியவை அப்படியல்ல. குறைந்தது இரண்டு சாட்சிகள் வேண்டும். உயிரோடு, சாட்சி சொல்லும் நிலையில் இருப்பவர்களில் ஒருவராவது கூண்டேறவேண்டும். பழைய சாட்சியச் சட்டத்தில் இது 68ஆம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அமலில் உள்ள புதிய சட்டத்தில் 67. செட்டில்மெண்டும் அடமானமும் பதிவாகியிருந்து, எழுதிக்கொடுத்ததையே எதிராளி குறிப்பாக மறுக்காவிட்டால் சாட்சியை அழைக்கத் தேவையில்லை. உயிலுக்கு அந்தச் சலுகை கிடையாது, பதிவு செய்திருந்தாலும்.

சரி, சாட்சி வந்துவிட்டார். என்ன சொல்லவேண்டும்? சாட்சி எழுத்தில் தரும் நிரூபண வாக்குமூலத்தில் "நான் சாட்சிக் கையெழுத்துப் போட்டேன்" என்று ஒற்றை வரி எழுதி முடித்துவிடுகிறார்கள். போதாது. சாட்சி சொல்லவேண்டியது மூன்று: எழுதிவைத்தவர் கையெழுத்திட்டதை நான் பார்த்தேன், அல்லது 'இது என் கையெழுத்துதான்' என்று அவரே என்னிடம் சொன்னார்; அவர் கண்ணெதிரில் நான் கையெழுத்திட்டேன்; இன்னொரு சாட்சியும் இதே முறையில் பார்த்தோ கேட்டோ, எழுதிவைத்தவர் முன்னிலையில் கையெழுத்திட்டார். இந்த மூன்றாவது சங்கதிதான் அடிக்கடி விட்டுப்போகிறது. ஒரே சாட்சியை விசாரித்தால், மற்றவர் சாட்சியிட்டதையும் அவரே நிரூபிக்கவேண்டும் என்று ஜானகி நாராயண் போயிர் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. இரண்டு சாட்சிகளும் ஒரே நேரத்தில் கூட இருந்திருக்கவேண்டும் என்று சட்டம் கேட்கவில்லை. அதனால் குறுக்கு விசாரணையில் "முதலில் யார் போட்டது?" என்று துருவும்போது, பார்க்காததைப் பார்த்ததாகச் சொல்லி மாட்டிக்கொள்ளத் தேவையில்லை.

இன்னொரு குழப்பம்: பத்திரத்தின் பின்பக்கம் சார் பதிவாளர் முன்பு இரண்டு பேர் கையெழுத்திட்டிருப்பார்களே, அவர்கள் அடையாளம் காட்ட வந்தவர்கள். சாட்சியாகக் கையெழுத்திடும் நோக்கத்தோடு போட்டார்கள் என்று காட்டினால் ஒழிய, அவர்களைச் சான்றொப்பமிட்ட சாட்சிகளாக ஏற்கமுடியாது. சார் பதிவாளருக்கும் இதே அளவுகோல்தான். நம் சென்னையிலிருந்து உச்ச நீதிமன்றம் வரை போன அப்துல் ஜப்பார் சாகிப் வழக்கில் 1969லேயே இது தீர்ந்துபோன விஷயம்.

சாட்சி பல்டி அடித்தால்? நினைவில்லை என்றோ, போடவே இல்லை என்றோ சொன்னால் மற்ற சாட்சியத்தைக் கொண்டு நிரூபிக்கலாம். ஆனால் இரண்டாவது சாட்சி உயிரோடு இருக்கும்போது அவரை அழைக்காமல் இந்த வழியைப் பிடித்துக்கொள்ள முடியாது.

இரண்டு பேருமே காலமாகிவிட்டால் வேலை கொஞ்சம் கூடுதல். முதலில் இறப்புச் சான்றிதழ்களைத் தாக்கல் செய்யுங்கள். பிறகு இரண்டு கையெழுத்துகளை நிரூபிக்கவேண்டும்: சாட்சிகளில் ஒருவருடையது, எழுதிவைத்தவருடையது. சாட்சியின் கையெழுத்தை அடிக்கடி பார்த்துப் பழகிய மகனோ, கூட வேலை பார்த்தவரோ வந்து அடையாளம் சொல்லலாம். எழுதிவைத்தவர் கையெழுத்துக்கு, சர்ச்சை இல்லாத பழைய பத்திரம் ஒன்று ஒப்பிடக் கிடைத்தால் நல்லது. முப்பது வருடப் பழைய பத்திரம் உரியவர் கைவசத்திலிருந்து வந்தால் நீதிமன்றம் கையெழுத்தைச் சரியென்று அனுமானிக்கலாம் என்பதை நம்பி, பழைய உயிலோடு வருகிறவர்கள் உண்டு. அந்த அனுமானம் உயிலுக்குப் பொருந்தாது. ஐம்பது வருடமானாலும் மேலே சொன்ன வழியில்தான் போகவேண்டும்.