புகாரைக் கொண்டது கடலா, கதையா?

நடுவர் அவர்களே, புதுச்சேரிப் பெருமக்களே, வணக்கம். பூம்புகாரின் வரலாற்றைச் சொல்ல வல்லது காப்பியமா, அகழாய்வா என்பது இன்றைய வழக்கு. எனக்கு முன் பேசிய எதிரணி அம்மையார், சோழன் இந்திர விழாவை மறந்ததால் தெய்வ சாபத்தில் புகாரைக் கடல் கொண்டது என்ற மணிமேகலைக் கதையை உருக்கமாகச் சொல்லிவிட்டு, கடலடியில் கிடைத்த 11,000 ஆண்டுப் பழைய நகரமே அதற்குச் சாட்சி என்று முடித்தார். நீங்கள் கைதட்டினீர்கள், நானும்தான் தட்டினேன், சொன்ன விதம் அப்படி.

ஆனால் அந்த 11,000 எங்கிருந்து வந்தது? பூம்புகார்க் கரைக்கு அப்பால், ஏறத்தாழ 23 மீட்டர் ஆழத்தில், குதிரை லாட வடிவ அமைப்பு ஒன்றைத் தேசியக் கடலியல் நிறுவனத்தார் 1993இல் கண்டது உண்மை. அவ்வளவு ஆழத்தில் உள்ள தரை எப்போது கரையாக இருந்திருக்கும் என்று கடல்மட்டக் கணக்குப் போட்டு எடுத்த எண்தான் அது. அங்கே மனிதன் கல் அடுக்கினானா என்பதற்கு அந்தக் கணக்கில் விடை இல்லை. அப்படியே ஒப்புக்கொண்டாலும், 11,000 ஆண்டுகளுக்கு முன் இந்திர விழாவை மறப்பதற்கு எந்தச் சோழன் இருந்தான்?

பூம்புகாரை ஒட்டிய கீழையூருக்கு வாருங்கள். 1960களில் தொல்லியல் துறையினர் அங்கே தோண்டியபோது செங்கல்லால் கட்டிய படகுத்துறையும், அதில் நட்டிருந்த மரத்தூண்களும் வெளிப்பட்டன. அந்த மரத்தைக் கரிமக் கணிப்புக்கு உட்படுத்தியே கி.மு. 3ஆம் நூற்றாண்டை ஒட்டிய காலம் என்றார்கள். அந்தப் படகுத்துறை கிடைத்தது கடலுக்குள் அல்ல, மண்ணுக்குள். கடல் எதையுமே கொள்ளவில்லை என்று நான் சாதிக்க வரவில்லை: பூம்புகாரை அடுத்த வானகிரிப் பக்கம் அலை வந்து போகும் இடத்தில் சுடுமண் உறைகிணறுகள் நிற்கின்றன. குடிநீர் இறைத்த கிணற்றில் இன்று அலை ஏறுகிறது என்றால், கரை உள்வாங்கியிருக்கிறது. ஆனால் கரை அரிப்பு, ஒரே நாளில் பலிக்கும் சாபம் அன்று.

அகழாய்வாளர் மட்டும் கதை கட்டமாட்டாரா என்று கேட்பீர்கள். கட்டுவார்; நம் அரியாங்குப்பம் ஆற்றங்கரையிலேயே கட்டினார். 1945இல் அரிக்கமேட்டைத் தோண்டிய மார்ட்டிமர் வீலர், அதை ரோமானிய வணிகத் தளம் என்றே எழுதினார். 1989 முதல் 1992 வரை அதே மேட்டை மறுபடி தோண்டிய விமலா பெக்லி, ரோமானிய வணிகம் வருமுன்பே அங்கே நம்மவர் குடியிருப்பு இருந்ததைக் காட்டினார். வீலரைத் திருத்த அதே மண் இருந்தது. மணிமேகலா தெய்வத்தின் சாபத்தைச் சரிபார்க்க எதிரணியினர் எந்த இடத்தில் குழி போடுவார்கள் என்பதை, அடுத்துப் பேசவரும் நண்பர் சொல்லட்டும்.