மூன்று வாதம், ஒரே மூச்சு

நண்பர்களே, கொலை வழக்கில் எதிரிக்காக, அதாவது குற்றம் சாட்டப்பட்டவருக்காக, வாதாடும் இளம் வழக்கறிஞர்களிடம் ஒரு பழக்கத்தைப் பார்க்கிறேன். "எதிரி அடிக்கவே இல்லை, அடித்திருந்தாலும் தற்காப்புக்காக, அதுவும் இல்லையென்றால் திடீர்ச் சண்டை." மூன்றையும் ஒரே மூச்சில் சொல்லிவிட்டு உட்கார்ந்துவிடுகிறார்கள். சட்டம் இதைத் தடுக்கவில்லை. ஆனால் தற்காப்பு நிரூபணமானால் எதிரி வீட்டுக்குப் போகிறார். திடீர்ச் சண்டை நிரூபணமானால் சிறைக்குத்தான் போகிறார், கொலைக் குற்றத்துக்கான தண்டனை மட்டும் இல்லை.

தற்காப்புக்கு அம்ஜத் கான் வழக்கைப் பாருங்கள். 1948 மார்ச், இன்றைய மத்தியப் பிரதேசத்தின் கட்னியில் வகுப்புக் கலவரம். அவருடைய சகோதரரின் கடை அதே கட்டடத்தில் அடுத்த பகுதி. கும்பல் அதைச் சூறையாடுகிறது. நடுச்சுவரில் இருந்த துவாரம் வழியாகத் தாய் ஓடிவந்து செய்தி சொல்கிறார். அதற்குள் இவருடைய கதவிலும் தடியடி விழுகிறது. துப்பாக்கியால் சுட்டார்; ஒருவர் இறந்தார். கும்பல் இவர் பகுதிக்குள் இன்னும் நுழையவில்லையே என்று கருதி உயர் நீதிமன்றம் தண்டித்தது. கதவு பெயர்ந்து விழும்வரை நின்றிருக்க வேண்டுமா? 1952இல் உச்ச நீதிமன்றம் அவரை விடுவித்தது. அத்தகைய நேரத்து அச்சத்தை மிக நுண்ணிய தராசில் நிறுக்க முடியாது என்றது.

சண்டிகரில் நடந்த இன்னொரு வழக்கில் தகராறு ஒரு சமையலறை யாருக்கு என்பதில் தொடங்கியது, கத்திக்குத்தில் முடிந்தது. 1989இல் உச்ச நீதிமன்றம் அதைத் திடீர்ச் சண்டையாக ஏற்றது. அங்கே யார் முதலில் அடித்தார் என்ற கேள்வியே எழாது. தற்காப்பிலோ பெரும்பாலும் அதுதான் வழக்கே. திடீர்ச் சண்டை என்று வாதிட, முன்திட்டம் இருக்கக் கூடாது. ஆத்திரம் தணியுமுன் நடந்திருக்க வேண்டும். எதிரி நியாயமற்ற அனுகூலம் எடுத்திருக்கவோ கொடூரமாக நடந்திருக்கவோ கூடாது. வெறுங்கையோடு நின்றவரை அரிவாளால் வெட்டியவர் கடைசி நிபந்தனையில்தான் சிக்குவார். 2024 ஜூலை 1க்குப் பிந்தைய சம்பவங்களுக்கு, பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 300ஆம் பிரிவில் இருந்த இந்தத் திடீர்ச் சண்டை விதிவிலக்கை, அதற்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 101ஆம் பிரிவில் தேடுங்கள். தண்டனை 105இல்: கொல்லும் நோக்கம் இருந்தால் ஆயுள், அல்லது 5 முதல் 10 ஆண்டு வரை. பழைய சட்டத்தில் அந்த 5 ஆண்டுக் கீழ்வரம்பு கிடையாது.

தற்காப்பையோ திடீர்ச் சண்டையையோ நிரூபிக்கும் சுமை நம்முடையது. ஆனால் அரசுத் தரப்பின் சுமையளவு அல்ல. நம் கதை நடந்திருக்கக்கூடியது என்று நீதிபதிக்குத் தோன்றினால் போதும். எதிரி கூண்டேறிச் சாட்சி சொல்ல வேண்டிய கட்டாயமும் இல்லை.

எதிரியின் உடலில் காயம் இருந்ததா? அதே சம்பவத்தில் ஏற்பட்ட பலத்த காயத்தை அரசுத் தரப்பு விளக்காமல் விட்டால், அவர்கள் சம்பவத்தின் பிறப்பையே மறைக்கிறார்கள் என்று வாதிடலாம். 1976இல் லட்சுமி சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது அதுதான். சிராய்ப்புக்கு இது எடுபடாது. எதிரிக்கு முதலில் சிகிச்சை அளித்த மருத்துவரின் விபத்துப் பதிவேட்டைக் கேட்டு வாங்குங்கள். எத்தனை பேர், எதனால், எத்தனை மணிக்குத் தாக்கினார்கள் என்று அன்றே எழுதப்பட்டிருக்கும். புலன்விசாரணை அதிகாரியைக் குறுக்கு விசாரணை செய்யும்போது முதல் கேள்வி அதிலிருந்து வரட்டும்.