வீட்டை விட்டுப் போன கதைகள்

வணக்கம் நேயர்களே.

சில வருடங்களுக்கு முன் ஒரு ரயில் பயணம். எதிர் இருக்கையில் ஒரு சிறுமி தன் தம்பிக்குக் கதை சொல்லிக்கொண்டிருந்தாள். நிழலைத் தொலைத்துவிட்ட ஓர் ஆமையின் கதை. முதல் வரியிலேயே நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். காய்ச்சலில் தூக்கம் வராமல் புரண்ட என் மகளுக்காக ஒரு ராத்திரி நான் கட்டிய கதை அது. அதை எங்கும் எழுதி வைத்ததில்லை. வேறு யாருக்கும் சொன்ன நினைவும் இல்லை.

என் கதையில் ஆமைக்கு நிழல் திரும்பக் கிடைத்துவிடும். அந்தச் சிறுமியின் கதையில் கிடைக்கவில்லை. ஓர் எறும்பு வந்து தன் நிழலில் பாதியைக் கொடுத்தது. ஆமை அந்தத் துளி நிழலை ஓட்டுக்குள் பத்திரமாக வைத்துக்கொண்டது. "இந்தக் கதையை யாரம்மா சொன்னார்கள்?" என்று கேட்டேன். "எங்க மிஸ்" என்றாள். அந்த எறும்பை நான் படைக்கவில்லை. ஆனால் இப்போது அது இல்லாமல் அந்தக் கதையை என்னால் நினைக்க முடிவதில்லை.

ஒரு கதை எப்படி இப்படிக் கிளம்பிப் போய்விடுகிறது? இந்தக் கேள்வி வரும்போதெல்லாம் என் மனம் செர்வாண்டிஸிடம்தான் போய் நிற்கும். ஸ்பெயின் நாட்டு எழுத்தாளர். 1605இல் அவருடைய 'டான் கிஹோத்தே' வந்தது. வீரக் கதைகளைப் படித்துப் படித்து, தானே ஒரு வீரன் என்று நம்பிப் புறப்பட்ட வயதான மனிதரின் கதை. அதன் முன்னுரையிலேயே, நான் இவனுக்கு அப்பன் போலத் தெரிந்தாலும் உண்மையில் மாற்றாந்தகப்பன்தான் என்று எழுதினார். அந்தச் சொல் பின்னால் அவரையே சுட்டது. இரண்டாம் பாகத்தை அவர் முடிப்பதற்குள், 1614இல், அவெய்யனேடா என்ற புனைபெயரில் யாரோ ஒருவர் தானே ஒரு இரண்டாம் பாகம் எழுதி வெளியிட்டுவிட்டார். அவர் யார் என்பது இன்றுவரை உறுதியாகவில்லை.

செர்வாண்டிஸுக்கு அப்போது அறுபது வயதைக் கடந்துவிட்டது. அவர் என்ன செய்தார் தெரியுமா? சண்டையைக் கதைக்குள்ளேயே கொண்டுபோனார். 1615இல் வந்த அவருடைய இரண்டாம் பாகத்தில், ஒரு விடுதி அறையில் கிஹோத்தே சாப்பிட உட்காருகிறார். மெல்லிய தடுப்புச் சுவர். அடுத்த அறையில் இருவர் பேசுவது கேட்கிறது. அந்தப் போலிப் புத்தகத்தைத்தான் படிக்கப்போகிறார்கள். கிஹோத்தே துடித்து எழுகிறார். போலிப் புத்தகத்தில் அவர் சரகோசா நகரத்துக்குப் போகிறார் அல்லவா? சரி, அப்படியானால் நான் சரகோசாவில் காலே வைக்கமாட்டேன் என்று சொல்லி, பார்சிலோனாவுக்குப் பாதையைத் திருப்பிவிடுகிறார்.

அதோடு விடவில்லை. போலிப் புத்தகத்தில் வந்த ஒரு பாத்திரத்தையே பின்னால் கிஹோத்தே வழியில் சந்திக்கிறார். ஊர் அதிகாரி முன்னால், எழுத்தர் எழுதிக்கொள்ள, "நான் முன்பு பார்த்த கிஹோத்தே இவர் அல்ல" என்று அந்த ஆளிடம் வாக்குமூலம் வாங்குகிறார். கடைசியில் செர்வாண்டிஸ் தன் வீரனைச் சாகவிடுகிறார். இனி எவனும் இவனைத் தோண்டி எடுத்து நடக்கவைக்கக் கூடாது என்பதற்காக. அடுத்த வருடமே, 1616இல், அவரும் இறந்துபோனார். பெற்ற பிள்ளையைப் பறிகொடுத்துவிடக் கூடாது என்ற அந்தத் தவிப்பை நினைத்தால் எனக்கு இன்றும் நெஞ்சு கனக்கும்.

கொன்றால் மட்டும் கதை நின்றுவிடுமா என்ன? துப்பறிவாளன் ஷெர்லக் ஹோம்ஸின் புகழ் தன் மற்ற எழுத்துக்களை மறைக்கிறது என்று, அவனைப் படைத்த கானன் டாயில் 1893இல் அவனை ஓர் அருவியில் தள்ளிவிட்டார். வாசகர்கள் ஒத்துக்கொள்ளவில்லை. பத்து வருடத்தில், 1903இல், அவரே தன் கையால் அவனை உயிரோடு திரும்ப அழைத்துவர வேண்டியதாயிற்று. பஞ்சதந்திரத்தில் மாவுப் பானையைப் பார்த்துக்கொண்டே பகற்கனவு கண்டு, காலை உதறி அதை உடைத்தவனும் அப்படித்தான். பாரசீகம், அரபு என்று மொழி மொழியாகக் கடந்து போன கதை அது. போகும் வழியில் மாவு தேனானது, நெய்யானது. பிரெஞ்சுக் கவிஞர் லா ஃபோந்தேன் கைக்கு வரும்போது, தலையில் பால் குடத்தோடு துள்ளிக் குதிக்கும் ஒரு பெண்ணாகிவிட்டது. ஆள் மாறியது, பானை மாறியது. அது உடைகிற அந்த ஒரு நொடி மட்டும் மாறவே இல்லை. கேட்டவர்கள் எல்லோரும் அந்த நொடியைத்தான் கையில் எடுத்துக்கொண்டு போயிருக்கிறார்கள்.

கதை மாறுவதில் எனக்கு வருத்தமே இல்லை. அது போகட்டும், எறும்பைச் சேர்த்துக்கொள்ளட்டும். ஆனால் சொன்னவரின் பெயர் வழியில் விழுந்துவிடுகிறதே, அதுதான் மனதை அறுக்கிறது.

அலாவுதீனின் அற்புத விளக்கை அறியாத குழந்தை உண்டா? ஆயிரத்தோரு இரவுகள் கதைத் தொகுப்பின் பழைய அரபுச் சுவடிகளில் அந்தக் கதை கிடையாது. சிரியாவின் அலெப்போ நகரத்து இளைஞர் ஹன்னா தியாப் 1709இல் பாரிஸில் இருந்தபோது, அந்த இரவுகளைப் பிரெஞ்சில் பெயர்த்துக்கொண்டிருந்த அந்துவான் கலானிடம் வாய்மொழியாகச் சொன்ன கதை அது. அலிபாபாவும் அவர் சொன்னதுதான். கலான் தன் நாட்குறிப்பில் அவர் பெயரை எழுதி வைத்தார். அச்சான புத்தகத்தில் எழுதவில்லை.

அப்புறம் தியாப் ஊர் திரும்பினார், வாழ்ந்தார், முதுமையில் தன் பயணத்தைப் பற்றி எழுதினார். அந்தக் கையெழுத்துப் பிரதி வாடிகன் நூலகத்தில் இருக்கிறது. முதல் சில தாள்கள் காணாமல் போனதால் அங்கேயும் அவர் பெயர் இல்லை. எழுதியவர் யாரென்று 20ஆம் நூற்றாண்டின் கடைசியில்தான் கண்டுபிடித்தார்கள். அந்த நீண்ட நினைவுக் குறிப்பில் கதைகளுக்கு அவர் ஒதுக்கியது ஒரு சில வரிகள். ஒரு வயதானவர் எங்களைப் பார்க்க அடிக்கடி வருவார், அவருடைய புத்தகத்தில் சில இரவுகள் குறைந்தன, எனக்குத் தெரிந்த கதைகளைச் சொன்னேன், மிகவும் சந்தோஷப்பட்டார். அவ்வளவுதான். எந்தக் கதைகள் என்றுகூட அவர் சொல்லவில்லை.