ஆங்கிலத் துறையை மூடச் சொன்ன மூவர்

(திரையில்: பழைய கறுப்பு வெள்ளை வகுப்பறைப் படம்)

1950களின் தொடக்கம். நைஜீரியாவின் இபாதான் பல்கலைக்கழகக் கல்லூரியில் ஆங்கில வகுப்பு நடக்கிறது. பாடம், ஜாய்ஸ் கேரி எழுதிய 'மிஸ்டர் ஜான்சன்' என்ற நாவல். கேரி, நைஜீரியாவில் காலனி அதிகாரியாக வேலை பார்த்தவர். கதாநாயகன் ஜான்சன் ஒரு நைஜீரியக் குமாஸ்தா. தன் வெள்ளைக்கார அதிகாரியை உயிராக நினைக்கிறான். கடைசியில் அந்த அதிகாரியின் கையாலேயே சுடப்பட்டுச் சாகிறான்.

ஆப்பிரிக்காவைப் பற்றிய ஆகச் சிறந்த நாவல் என்று அமெரிக்காவின் டைம் இதழ் இதைப் பாராட்டியிருந்தது. ஆனால் வகுப்பில் ஒரு மாணவர் எழுந்து, இந்த நாவலில் தனக்குப் பிடித்த ஒரே இடம் ஜான்சன் சுடப்படும் இடம்தான் என்று சொல்லிவிட்டார். ஆங்கிலேய ஆசிரியர் திகைத்துப்போனார்.

அந்த வகுப்பில் இருந்த இன்னொரு மாணவர் சினுவா ஆச்சிபி. 1958இல் அவருடைய முதல் நாவல் வந்தது. 'சிதைவுகள்' என்ற பெயரில் தமிழில் படித்திருப்பீர்கள்.

சரி, ஆப்பிரிக்கர் எழுதிய நாவல்கள் வந்துவிட்டன. 1962இல் லண்டனின் ஹைன்மன் பதிப்பகம் ஆப்பிரிக்க எழுத்தாளர் வரிசையைத் தொடங்கி, பள்ளிக்கூடங்களை மனதில் வைத்தே மலிவு விலைப் புத்தகங்களாகப் போட்டது. ஆச்சிபிதான் அதன் ஆலோசகர். ஆனால் புத்தகம் கடைக்கு வருவது வேறு, வகுப்பறைக்குள் வருவது வேறு. அந்தக் கதை நைரோபியில் நடந்தது.

(திரையில்: கிழக்கு ஆப்பிரிக்க வரைபடம். நைரோபி மட்டும் சிவப்பில்)

கென்யாவுக்கு 1963 டிசம்பரில் சுதந்திரம் கிடைத்தது. ஐந்து ஆண்டுகள் கழித்தும் நைரோபிப் பல்கலைக்கழகக் கல்லூரியில் இலக்கியம் என்றால் ஆங்கில இலக்கியம்தான். சாசரில் தொடங்கி, ஷேக்ஸ்பியர் வழியாக, எலியட் வரைக்கும் போகும். 1968 செப்டம்பரில் துறையின் பொறுப்புத் தலைவர் கலைப்புலக் குழுவுக்கு ஓர் அறிக்கை கொடுத்தார். ஒரே பண்பாட்டின் தொடர்ச்சியைப் படிப்பதுதான் இந்தத் துறையின் பலம் என்ற கருத்து அதில் இருந்தது. அந்தப் பண்பாடு எது என்று சொல்லத் தேவையில்லை.

ஒரே மாதத்தில் பதில் வந்தது. அக்டோபர் 24ஆம் தேதியிட்ட அந்தக் குறிப்பில் மூன்று பேர் கையெழுத்திட்டிருந்தார்கள்: அப்போது ஜேம்ஸ் கூகி என்று அறியப்பட்ட கென்ய நாவலாசிரியர் கூகி வா தியாங்கோ, ஹென்றி ஒவூர்-அன்யும்பா, தாபான் லோ லியாங். தலைப்பே, ஆங்கிலத் துறையை ஒழிப்பது பற்றி.

அவர்கள் கேட்ட கேள்வி இதுதான்: ஒரு பண்பாட்டின் தொடர்ச்சியைத்தான் படிக்க வேண்டுமென்றால், அது ஏன் ஆப்பிரிக்கப் பண்பாடாக இருக்கக் கூடாது?

இந்த இடத்தில் பலர் தவறாகப் புரிந்துகொள்கிறார்கள். ஷேக்ஸ்பியரைத் துரத்துங்கள் என்று அந்த மூவரும் சொல்லவில்லை. அவர்கள் கேட்ட புதிய துறையில் சுவாஹிலி இலக்கியம், கரீபிய இலக்கியம், அமெரிக்கக் கறுப்பினத்தவரின் எழுத்து, ஐரோப்பிய இலக்கியம் எல்லாவற்றுக்கும் இடம் இருந்தது. சண்டை எங்கே நின்று பார்ப்பது என்பதைப் பற்றியது. நம் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து தெருவைப் பார்ப்பது ஒன்று. தெருமுனையில் நின்று நம் வீடு எங்கே என்று தேடுவது இன்னொன்று. பாடத்திட்டத்தின் ஓரத்தில் இரண்டு ஆப்பிரிக்க நாவல்களைச் சேர்த்துவிட்டுக் கடமை முடிந்தது என்று நினைக்கும் எந்தப் பல்கலைக்கழகமும் இந்த வேறுபாட்டைக் கவனிக்கவில்லை என்றுதான் நான் சொல்வேன்.

அந்தக் குறிப்பில் எனக்கு மிகவும் பிடித்தது, வாய்மொழி இலக்கியத்துக்கு அவர்கள் கேட்ட இடம். பாட்டு, கதை, விடுகதை, பழமொழி எல்லாம் பாடமாக வேண்டும் என்றார்கள். துறை மாறியபிறகு மாணவர்கள் சொந்த ஊருக்குப் போய்ப் பெரியவர்களிடம் கதை கேட்டுச் சேகரித்துக்கொண்டு வந்தார்கள். பாட்டியின் கதை பல்கலைக்கழகத்தில் பாடமானது!

இது வகுப்பறையில் எப்படி வேலை செய்கிறது என்று ஒரு பழமொழியை வைத்துப் பார்ப்போம்.

(திரையில்: இடிந்த மண்வீடு. மேலே பூசணிக் கொடி படர்ந்திருக்கிறது)

வடக்கு உகாண்டாவின் அச்சோலி மக்கள் சொல்வது: பழைய மனையில் உள்ள பூசணிக் கொடியைப் பிடுங்காதே. ஒகோட் பிடெக் 1966இல் வெளியிட்ட 'லவினோவின் பாட்டு' என்ற நெடுங்கவிதையில் இது திரும்பத் திரும்ப வரும். படித்துப் பட்டம் வாங்கியபின் ஊரையும் மனைவியையும் இளக்காரமாகப் பார்க்கும் கணவனிடம் லவினோ பேசுகிறாள்.

ஆசிரியர் இதைப் 'பாரம்பரியத்தைக் காக்க வேண்டும்' என்று ஒரே வரியில் எழுதிப்போட்டுவிட்டால் பாடம் அங்கேயே செத்துவிடும். குடும்பம் மனையை விட்டு வேறு இடத்துக்குப் போய்விட்டது. கொடியை யாரும் பார்த்துக்கொள்ளவில்லை. அது பாட்டுக்குப் படர்ந்து காய்க்கிறது. வழியில் போகிறவர்கள்கூடப் பறித்துக்கொள்ளலாம். அதைப் பிடுங்கினால் யாருக்கு என்ன லாபம்? இதைப் புரிந்துகொண்ட மாணவருக்கு லவினோவின் கோபமும் புரியும். உங்கள் வீட்டில் இதுபோல என்ன சொல்வார்கள் என்று கேட்டால் வகுப்பே பேச ஆரம்பித்துவிடும்.

அப்புறம், 1974இல் இந்த விவாதம் பள்ளிக்கூடங்களுக்கும் வந்தது. கென்யப் பள்ளிகளில் ஆப்பிரிக்க இலக்கியம் கற்பிப்பது பற்றிய மாநாட்டுக்கு இடைநிலைப் பள்ளி ஆசிரியர்கள் 200 பேர் வந்தார்கள். நடந்த இடம் நைரோபிப் பள்ளி. காலனி ஆட்சியில் அது வெள்ளைக்காரப் பையன்களுக்கென்றே இருந்த பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ் பள்ளி.

ஆனால் ஒரு முள் உள்ளே தங்கிவிட்டது. ஆங்கிலத் துறையை மூடச் சொன்ன குறிப்பே ஆங்கிலத்தில்தான் எழுதப்பட்டிருந்தது.

கூகிக்கு அது சிறுவயது வலி. அவர் படித்த காலத்தில் பள்ளியில் காலையில் ஒரு பையனிடம் ஒரு பொத்தானைக் கொடுப்பார்கள். யார் தாய்மொழியில் பேசுகிறார்களோ அவர்களிடம் அவன் அதைத் தள்ளிவிட வேண்டும். மாலையில் பொத்தான் யாரிடம் இருக்கிறதோ அவன், தனக்குக் கொடுத்தது யார் என்று சொல்ல வேண்டும். இப்படியே பின்னோக்கிப் போனால் அன்று கிக்கூயு மொழி பேசிய எல்லாரும் மாட்டிக்கொள்வார்கள். அடி விழும்.

1977இல் அவர் கமிரீது கிராமத்து மக்களோடு சேர்ந்து கிக்கூயுவில் நாடகம் போட்டார். அரசு தடை செய்தது. அந்த ஆண்டின் கடைசி நாளில் அவரைக் கைது செய்தார்கள். கமிதி என்ற சிறையில், கழிப்பறைக் காகிதத்தில், கிக்கூயு மொழியில் ஒரு நாவல் எழுதினார். 1980இல் அது வெளிவந்தது. தமிழில் 'சிலுவையில் தொங்கும் சாத்தான்'.

(திரையில்: மங்கலான விளக்கொளியில் ஒரு மதுக்கடை)

அந்த நாவலை மக்கள் எப்படிப் படித்தார்கள் என்று கூகியே எழுதியிருக்கிறார். வீடுகளில் எழுத்தறிந்த ஒருவர் படிக்க, மற்றவர்கள் சுற்றி உட்கார்ந்து கேட்டார்கள். மதுக்கடைகளிலும் ஒருவர் உரக்கப் படிப்பார். கோப்பை காலியானதும் புத்தகத்தைக் கீழே வைத்துவிடுவார். கதை நல்ல கட்டத்தில் நிற்கும். கேட்டுக்கொண்டிருந்தவர்கள் அவருக்கு இன்னொரு பீர் வாங்கிக் கொடுப்பார்கள். அவர் புத்தகத்தை எடுத்து விட்ட இடத்திலிருந்து தொடர்வார்.