நெட்டைக்காலிகளைக் காதால் அறிவோம்

அன்பான வானொலி நேயர்களுக்கு வணக்கம்.

அறுவடை முடிந்த வயல், குளத்துக் கரை, பள்ளிக்கூட மைதானத்துப் புல்தரை என்று நீங்கள் தினமும் கடந்துபோகிற இடங்களில் ஒரு பழுப்புக் குருவி இருக்கும். மெலிந்த உடம்பு, உடம்புக்குக் கொஞ்சம் அதிகமாகவே நீண்ட கால்கள். அது சிட்டுக்குருவி மாதிரித் தத்தாது. விறுவிறுவென்று நடக்கும், ஓடும், சட்டென்று நின்று நெஞ்சை நிமிர்த்திப் பார்க்கும். கிட்டே போனால் 'சிப் சிப்' என்றபடி எழும்பி, கொஞ்ச தூரம் தள்ளி மறுபடியும் தரையிலேயே இறங்கும். அதுதான் நெட்டைக்காலி. ஆங்கிலத்தில் பிபிட் என்பார்கள். வாலாட்டிக் குருவியின் குடும்பத்தைச் சேர்ந்தது.

வானம்பாடி என்று நினைத்துவிடக் கூடாது. வானம்பாடிக்கு அலகு தடிமன், உடம்பும் கட்டை. நெட்டைக்காலிக்கு அலகு ஒல்லி, வால் நீளம், நிற்கும்போது அந்த வாலை மேலும் கீழும் அசைக்கும். இந்த அளவுக்கு வந்துவிடுவது எளிது. நெட்டைக்காலிதான் என்று தெரிந்தபின், எந்த நெட்டைக்காலி என்ற கேள்வியில்தான் தேர்ந்த பறவை ஆர்வலர்களும் தயங்கி நிற்கிறார்கள்.

நம் சமவெளியில் வருடம் முழுக்க இருப்பது வயல் நெட்டைக்காலி. சுமார் 15 சென்டிமீட்டர் நீளம். இங்கேயே புல் கொத்துக்கு அடியில் தரையில் கூடு கட்டி, இங்கேயே குஞ்சு பொரிக்கிறது. மழைக்காலம் நெருங்கும்போது அதோடு விருந்தாளிகள் வந்து சேருகின்றன. சைபீரியா, மங்கோலியா பக்கமிருந்து ரிச்சர்டு நெட்டைக்காலி வருகிறது. மங்கோலியாவிலிருந்தும் அதை ஒட்டிய பகுதிகளிலிருந்தும் பிளித் நெட்டைக்காலி வருகிறது. மூன்றுக்கும் பழுப்பு முதுகு, நெஞ்சில் கோடு, வெளிறிய வயிறு. ஒரே வயலில் மூன்றும் நடக்கலாம்.

இங்கேதான் எனக்கு ஒரு விஷயத்தை அழுத்திச் சொல்ல வேண்டும். நெட்டைக்காலியை நிறத்தை வைத்து முடிவு செய்யாதீர்கள். புத்தகத்தைத் திறந்ததும் எல்லோரும் முதலில் பார்ப்பது நிறத்தைத்தான். "இதில் கொஞ்சம் செம்மை, அதில் கொஞ்சம் சாம்பல்" என்று படத்தோடு ஒப்பிடுகிறோம். ஆனால் இறகு என்பது தினம் உடுத்தும் வேட்டி மாதிரி, ஓரம் நைந்துகொண்டே வரும். இறகு புதிதாக இருக்கும்போது ஓரங்களில் பளிச்சென்று வெளிர் நிறக் கரை இருக்கும். புல்லிலும் மண்ணிலும் உரசி, வெயிலில் காய்ந்து, மார்ச் மாதம் ஆகும்போது அந்தக் கரை தேய்ந்துவிடும், முதுகுக் கோடுகளும் மங்கிவிடும். அக்டோபரில் நீங்கள் பார்த்த அதே பறவை மார்ச்சில் வேறு பறவையாகத் தெரியும். செம்மண் நிலத்தில் மேய்ந்தால் அந்தப் புழுதி நிறமும் ஏறிக்கொள்ளும். காலை ஆறரை மணி வெயிலில் எல்லாமே செம்மைதான். அப்புறம் நிறத்தை எப்படி நம்புவது?

நிபுணர்கள் ஒரு அடையாளம் சொல்வார்கள். மடித்த சிறகில் வரிசையாகத் தெரியும் சிறு இறகுகளின் நடுக்கறுப்பு எந்த வடிவத்தில் இருக்கிறது என்று பார்க்க வேண்டும். பிளித்தில் அது சதுரம்போல, ரிச்சர்டில் கூம்பிய முனையோடு. நல்ல அடையாளம்தான், ஆனால் வளர்ந்த பறவையின் இறகுக்கு மட்டுமே அது பொருந்தும். இளம் பிளித்துக்கும் அந்தக் கறுப்பு கூம்பியேதான் இருக்கும். படம் போட்டுக் காட்ட வேண்டிய விஷயம் இது, வானொலியில் இதற்கு மேல் போக வேண்டாம்.

வானொலியில் சொல்ல ஏற்றது குரல். நெட்டைக்காலி விஷயத்தில் குரல்தான் மிகப் பெரிய துணையும். வயல் நெட்டைக்காலி பறக்கும்போது, சொன்னேனே, மெல்லிய 'சிப் சிப்'. ரிச்சர்டு எழும்பும்போது ஒரே அடியாக, கரகரப்பாக, உரக்க 'ஷ்ரீப்' என்று கத்தும். சிட்டுக்குருவி ஒன்று கோபத்தோடு கத்தினால் எப்படியோ, கிட்டத்தட்ட அப்படி. பிளித்தின் குரல் அதைவிட மென்மை, கொஞ்சம் மேல் சுருதி, கடைசியில் இறங்கும்: 'ப்ஷியூ'. இடையிடையே 'சப் சப்' என்று சின்னதாக ஒரு ஒலியும் சேரும். பறவை எழும்பும் அந்த இரண்டு மூன்று நொடிதான் உங்களுக்குக் கிடைக்கிற வாய்ப்பு. அந்த நேரத்தில் கேமராவைத் தூக்குவதைவிடக் கைப்பேசியில் ஒலியைப் பதிவு செய்வது எவ்வளவோ மேல். வீட்டுக்கு வந்து எத்தனை முறை வேண்டுமானாலும் கேட்கலாம், தெரிந்தவரிடம் கேட்கக் கொடுக்கலாம். நிறம் மாறும், குரல் அப்படி மாறாது.

குரலுக்கு அடுத்தபடி நடத்தை. ரிச்சர்டு பெரியது, 17, 18 சென்டிமீட்டர். நீண்ட கால், நீண்ட வால், நிமிர்ந்த நிற்பு. பின்விரல் நகம் நன்றாக நீண்டிருக்கும். உயரமான, ஈரமான புல் அதற்குப் பிடிக்கும். இறங்குவதற்கு முன்னால் புல்லுக்கு மேலே ஒரு கணம் சிறகடித்தபடி அந்தரத்தில் நிற்கும். பிளித் வறண்ட திறந்தவெளியிலும் நன்றாக மேயும், காங்கேயம் பக்கத்துக் கொறங்காடு என்கிற மேய்ச்சல் நிலம் மாதிரி இடங்களில் கவனித்துப் பாருங்கள். ஜூன் மாதம் சமவெளி வயலில் ஒரு நெட்டைக்காலி மேலே எழும்பிப் பாடிக்கொண்டு இறங்கினால், அது வயல் நெட்டைக்காலி. மற்றவை அப்போது ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் வடக்கே இருக்கும். நாட்காட்டியும் ஒரு அடையாளம்தான், அதை யாரும் போதுமான அளவுக்குப் பயன்படுத்துவதில்லை என்பது என் எண்ணம்.

இந்தக் குழப்பம் நமக்கு மட்டுமல்ல. வகைப்பாட்டியல் அறிஞர்களுக்கும் நெடுங்காலம் இருந்தது. நம் வயல் நெட்டைக்காலி, ரிச்சர்டு, ஆப்பிரிக்க நெட்டைக்காலி, ஆஸ்திரேலியாவிலும் நியூசிலாந்திலும் உள்ளவை, இவை எல்லாவற்றையும் ஒரே இனம் என்று பல பத்தாண்டுகள் வைத்திருந்தார்கள். அந்தக் காலத்துப் புத்தகங்களைப் பார்த்தால் நம் ஊர் வயல் பறவைக்கு நியூசிலாந்தின் பெயரில் அறிவியல் பெயர் இருக்கும். பிறகுதான் குரல், உடலமைப்பு, மரபணு என்று பார்த்து ஒவ்வொன்றாகப் பிரித்தார்கள்.

இதற்கு நேர்மாறாக நடந்ததும் உண்டு. அந்தக் கதை எனக்கு மிகவும் பிடித்தது, கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். இந்தோனேசியாவில் புரு என்று ஒரு தீவு. அந்தத் தீவின் மலைக்காட்டில் மரத்தில் வாழும் ஒரு பறவையை 1923ஆம் ஆண்டு அறிவியலுக்கு அறிமுகம் செய்தார்கள். தொண்டை செம்பழுப்பு, சிறகில் பச்சை. நம் தோட்டங்களில் பூவுக்குப் பூ தாவும் வெள்ளைக்கண்ணியின் உறவு என்று முடிவு செய்து, மடங்கா என்று ஒரு தனிப் பேரினமே ஏற்படுத்தினார்கள். ஏறத்தாழ 90 ஆண்டுகள் அப்படியே இருந்தது. 2015இல் சுவீடனைச் சேர்ந்த பெர் ஆல்ஸ்ட்ரோம் குழுவினர் மரபணுவைப் பார்த்தார்கள். அது நெட்டைக்காலி! உறவுக்காரப் பறவை என்றுகூட இல்லை, நெட்டைக்காலிக் கூட்டத்துக்கு உள்ளேயே உட்கார்ந்திருக்கிறது. நெட்டைக்காலியின் பழுப்பு இல்லை, நெஞ்சுக்கோடு இல்லை, தரை வாழ்க்கை இல்லை. தீவின் காட்டுக்குள் போய்ச் சேர்ந்த ஒரு நெட்டைக்காலி மரத்தில் வாழப் பழகி, தோற்றத்தையே மாற்றிக்கொண்டிருக்கிறது. இப்போது அதை நெட்டைக்காலிகளின் பேரினமான ஆந்தஸிலேயே சேர்த்துவிட்டார்கள். பாருங்கள், ஒரே மாதிரித் தெரிகிறவை வேறு வேறு இனம், வேறு மாதிரித் தெரிகிறது அதே கூட்டம். நிறத்தை நம்பாதீர்கள் என்று நான் திரும்பத் திரும்பச் சொல்வதற்கு இதைவிடச் சாட்சி வேண்டுமா?

அப்படியானால் வயலில் நிற்கிற நாம் என்ன செய்வது? பொங்கல் சமயத்தில் தமிழ்நாட்டில் பறவைக் கணக்கெடுப்பு நடக்கிறது. நேயர்களில் சிலர் கலந்துகொண்டிருப்பீர்கள். ஜனவரி என்பதால் விருந்தாளிகளும் வயலில் இருக்கும் நேரம். அப்போது பார்க்கிற எல்லா நெட்டைக்காலியையும் பழக்கத்தில் வயல் நெட்டைக்காலி என்று எழுதிவிடுகிறோம். எழுதவேண்டாம். குரல் கேட்கவில்லை, சரியாகப் பார்க்கவும் முடியவில்லை என்றால் 'நெட்டைக்காலி' என்று மட்டும் எழுதுங்கள். பார்த்த பறவைகளைப் பதிவு செய்யும் ஈபேர்டு இணையதளத்திலும் இனம் சொல்லாமல் பிபிட் என்று மட்டும் பதிய வழி இருக்கிறது. தவறான பெயரோடு பத்துப் பதிவுகள் சேர்ந்தால், பிளித் எந்த மாவட்டத்தில் எந்த மாதம் தங்குகிறது என்று பின்னால் ஆராய்கிறவருக்கு அந்தப் பத்தும் தடைக்கல். பெயர் இல்லாத பதிவு யாரையும் ஏமாற்றாது.

நிலையத்து நண்பர் நேரம் ஆகிவிட்டது என்று கை காட்டுகிறார். மலைப் பறவைகளைப் பற்றி விரிவாகப் பேச நினைத்திருந்தேன், சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். குளிர்காலத்தில் மர நிழலில், காப்பித் தோட்டத்தில் தரையில் மேய்ந்து, தொந்தரவு செய்தால் மரக்கிளைக்குப் பறப்பவை வேறு நெட்டைக்காலிகள், இமயத்திலிருந்தும் அதற்கு அப்பாலிருந்தும் வருபவை. ஆனால் நீலகிரி நெட்டைக்காலி நம்முடையது. மேற்குத் தொடர்ச்சி மலையின் தென்பகுதியைத் தவிர உலகில் வேறெங்கும் இல்லை. நீலகிரி, ஆனைமலை போன்ற மலைகளின் உச்சிப் புல்வெளிகள்தான் அதற்கு வீடு. நெஞ்சுக்கோடு விலாப்புறத்திலும் தொடர்ந்து ஓடும், வயல் நெட்டைக்காலிக்கு விலா வெறுமையாக இருக்கும். அழியும் அபாயத்துக்கு உள்ளாகக்கூடியது என்று உலகளாவிய சிவப்புப் பட்டியலில் வைத்திருக்கிறார்கள். சீகை, தைலமரம், பைன் என்று நட்டு நட்டு அந்தப் புல்வெளிகளைக் குறுக்கிவிட்டோம். மரம் நட்டால் நல்லது என்று எல்லா இடத்துக்கும் சொல்ல முடியாது, உச்சிப் புல்வெளிக்கு அது பொருந்தாது. இதைப் பற்றி மட்டுமே ஒரு முழு உரை பேச வேண்டும், நிலையத்தார் இன்னொரு முறை அழைத்தால் அங்கிருந்தே தொடங்குகிறேன். நன்றி, வணக்கம்.